பரணுக்குப் படி கட்டிய கதை

இரண்டாம் ஆண்டு, இளம் அறிவியல் (இயற்பியல்)

நம் கல்லூரிக்கு ரயிலில் வரும் நண்பர்களுள் பலர், கும்மிடிப்பூண்டியோடு பாதை முடிந்துவிட்டது என்று எண்ணிக்கொண்டிருக்கிறார்கள். அதற்கு வடக்கே எளாவூர் இருக்கிறது. எளாவூருக்கும் வடக்கே எங்கள் ஆரம்பாக்கம் இருக்கிறது. அதையும் தாண்டினால் தடா, அது ஆந்திரம். தமிழ்நாடு முடிகிற இடத்தில் உள்ள ஊருக்கு ஆரம்பாக்கம் என்று பெயர் வைத்தவர் வடக்கேயிருந்து நடந்து வந்தவராகத்தான் இருக்க வேண்டும் என்று என் வகுப்புத் தோழி ஒருத்தி கேலி செய்வாள். எங்கள் தெருவில் பாதிப் பேர் தெலுங்கில் சண்டை போட்டுத் தமிழில் சமாதானம் பேசுகிறவர்கள்.

ஊருக்குக் கிழக்கே பழவேற்காடு ஏரி. ஒடிசாவின் சிலிகா ஏரிக்கு அடுத்தபடியாக நம் நாட்டிலேயே பெரிய உவர்நீர் ஏரி இதுதான். ஏரிக்கு அந்தப் பக்கம், கடலை ஒட்டி, ஸ்ரீஹரிகோட்டா. 1971ஆம் ஆண்டு அக்டோபர் 9ஆம் நாள் அங்கிருந்து முதல் சிறிய ராக்கெட் பறந்தது முதல், எங்கள் ஊருக்குத் தேரும் திருவிழாவும் தவிர அண்ணாந்து பார்க்க இன்னொன்றும் கிடைத்தது. முதலில் வெளிச்சம் தெரியும். சத்தம் வர ஒரு நிமிடத்திற்கு மேல் ஆகும். ஒலி விநாடிக்கு ஏறத்தாழ 340 மீட்டர்தான் போகும் என்பதை நான் புத்தகத்தில் படிப்பதற்கு முன்பே ஆயாவின் மடியில் உட்கார்ந்து எண்ணிப் பார்த்திருக்கிறேன்.

இனிப் பரணுக்கு வருகிறேன். 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் ஆந்திரக் கரையில் பாபட்லா அருகே கடந்தது என்று செய்தியில் சொன்னார்கள். கரை கடந்தது அங்கே. மழை கொட்டியது இங்கே. எங்கள் வீட்டுக்குள் முழங்கால் அளவு தண்ணீர் நின்றது. அரிசி போயிற்று. கட்டிலின்மேல் வைத்திருந்த என் பன்னிரண்டாம் வகுப்புப் புத்தகங்கள் தப்பின. கட்டிலின் கீழே இருந்த பதினொன்றாம் வகுப்புப் புத்தகங்கள் ஊறிப் பஞ்சாயின. தண்ணீர் வடிந்த பின், சுவரில் படிந்திருந்த சேற்றுக்கோட்டைக் கையால் தடவிப் பார்த்த அப்பா, "இதுக்கு மேல ஒரு முழம்" என்றார். அவ்வளவுதான் பேசினார். அடுத்த ஞாயிற்றுக்கிழமை வாசலில் ஆறு சவுக்குக் கால்களை நட்டு, குறுக்கே பனஞ்சட்டம் போட்டு, மேலே பலகை அடித்து ஒரு பரண் கட்டிவிட்டார். தரையிலிருந்து அதன் மேல்மட்டம் 35 அங்குலம்.

பலகை வந்த விதத்தைச் சொல்ல வேண்டும். கும்மிடிப்பூண்டி சிப்காட் தொழிற்சாலைகளுக்கு வெளிநாட்டிலிருந்து எந்திரங்கள் பைன் மரப் பெட்டிகளில் வருகின்றன. எந்திரம் உள்ளே போனபின் பெட்டி வெளியே வந்து பழைய மரக்கடையில் விலைக்கு நிற்கும். அந்தப் பலகைகளில் கோதுமைக்கதிர் போன்ற ஒரு முத்திரையும் 'எச்.டி.' என்ற இரண்டு எழுத்துகளும் சூடு போட்டதுபோல் இருக்கும். மரத்தின் நடுப்பகுதிவரை 56 பாகை வெப்பத்தில் 30 நிமிடம் சூடாக்கிப் பூச்சிகளைக் கொன்றிருக்கிறார்கள் என்பது அதன் பொருள். ஒரு நாட்டுப் பூச்சி இன்னொரு நாட்டுக் காட்டுக்குப் போகாமல் இருக்க பல நாடுகள் ஒப்புக்கொண்ட ஏற்பாடு அது. ஆனால் பழைய பூச்சியைக் கொன்றுவிட்டதால் புதிய பூச்சி வராது என்று நினைத்துவிடக் கூடாது. எங்கள் ஊர்க் கறையானுக்கு அந்த முத்திரையைப் படிக்கத் தெரியாது.

வெள்ளத்துக்காகக் கட்டிய பரண், வெள்ளம் இல்லாத நாளில் எங்கள் கூடமாகிவிட்டது. மாலையில் ஏரிக்காற்று அங்கேதான் வரும். நான் படிப்பதும், அம்மா பூக்கட்டுவதும், அப்பா இரவு வேலைக்குப் போகுமுன் சற்றுக் கண்ணயர்வதும் அங்கேதான். ஆயா மட்டும் கீழே. ஏறுவதற்கு இரண்டு சிமெண்டுக் கற்களை ஒன்றன்மேல் ஒன்றாக வைத்திருந்தோம். எழுபது வயதைத் தாண்டிய முழங்கால் அதில் எப்படி ஏறும்? "நான் கீழயே குந்தறன், எனக்கு என்னாத்துக்கு மச்சு" என்பாள். எல்லாரும் மேலே சிரிக்கும்போது அவள் கீழேயிருந்து, "என்னா? என்னா?" என்று கேட்பது எனக்கு என்னவோபோல் இருக்கும்.

2025ஆம் ஆண்டு பொங்கல் விடுமுறையில் படி கட்டுவது என்று முடிவு செய்தேன். தெருமுனையில் ஆசாரித் தாத்தா இருக்கிறார். மரப்படகு செய்த காலத்தில் ஏரிக்கரை முழுதும் அவரை அழைப்பார்களாம். அவரைக் கேட்கலாம் என்றாள் அம்மா. நான் கேட்கவில்லை. ஓர் ஆண்டு இயற்பியல் படித்தவளுக்கு நான்கு படி கட்டத் தெரியாதா என்ற நினைப்பு. அப்பாவும், "அதுவே கணக்குப் போட்டுச் செய்யட்டும்" என்றுவிட்டார். கூலி மிச்சம் என்பதற்காக மட்டும் அவர் அப்படிச் சொல்லவில்லை என்று எனக்குத் தெரியும்.

கணக்கை முறையாகத்தான் போட்டேன். படிக்கட்டில் இரண்டு அளவுகள் முக்கியம்: ஒரு படியிலிருந்து அடுத்த படிக்குக் கால் எவ்வளவு உயர வேண்டும் என்பது ஒன்று, கால் வைக்க எவ்வளவு இடம் என்பது மற்றொன்று. வீடுகளில் உயரம் 190 மில்லிமீட்டருக்கு மேல் போகக்கூடாது, மிதி 250 மில்லிமீட்டருக்குக் குறையக்கூடாது என்கிறது இந்தியத் தேசியக் கட்டட விதித்தொகுப்பின் 2016ஆம் ஆண்டுப் பதிப்பு. இதைவிட எனக்குப் பிடித்தது பிரெஞ்சுக் கட்டடக் கலைஞர் பிரான்சுவா புளோந்தெல் பதினேழாம் நூற்றாண்டில் சொன்ன வழி. உயரத்தை இரண்டால் பெருக்கி மிதியோடு கூட்டினால், சமதரையில் மனிதன் எடுத்து வைக்கும் ஓர் எட்டு வரவேண்டும். அது 24 அங்குலம். (அவர்கள் அங்குலம் நம் அங்குலத்தைவிடச் சற்றுப் பெரியது. அது இப்போது வேண்டாம்.) மனிதன் மேலே ஏறும்போதும் நடக்கிறவன்தான் என்று அவர் கண்டுகொண்டது எவ்வளவு அழகு!

35 அங்குலத்தை ஐந்தால் வகுத்தேன்: 7. மிதி 10. ஏழிரண்டு பதினான்கும் பத்தும் இருபத்து நான்கு. மீதியே இல்லை! நான்கு படிப்பலகை, ஐந்தாவது படி பரணேதான். அப்பா விரலை விட்டு, "லாபம், நஷ்டம், லாபம், நஷ்டம், லாபம்" என்று எண்ணிப் பார்த்துத் தலையசைத்தார். படி லாபத்தில் முடிய வேண்டும் என்பது நம்மவர் கணக்கு. நான் மனத்துக்குள் சிரித்துக்கொண்டேன்.

மரக்கடையில் ஒன்றரை அங்குலக் கனத்தில், 10 அங்குல அகலமும் 5 அடி நீளமும் உள்ள வேப்பம்பலகை இரண்டு வாங்கினோம். வேம்பைக் கறையான் எளிதில் தொடாது. இவை இருபுறமும் சாய்ந்து நின்று படிகளைத் தாங்கும். மூலமட்டத்தின் ஒரு கையில் 7இலும் மறு கையில் 10இலும் குறியிட்டு, பலகையின் விளிம்பில் வைத்து நகர்த்தி நகர்த்திக் கோடு போட்டால், ரம்பப் பல் போல நான்கு வெட்டுகள் கிடைக்கும். அறுத்தேன். கையில் கொப்புளம் வந்தது. மிதிக்குப் பெட்டிப் பலகை. 5 அங்குலத்தில் இரண்டிரண்டாக, மழைநீர் வடிய நடுவே ஒரு நூல் இடைவெளி விட்டு அடித்தேன். ஏரிக்காற்றில் சாதாரண ஆணி ஓராண்டில் துருவாகிவிடும் என்பதால் நாகமுலாம் பூசிய திருகாணி போட்டேன். அடியில் மண்படாமல் இருக்கப் பழைய ரயில் சிலீப்பர் கட்டைத் துண்டொன்றைத் தரைமட்டத்துக்குப் புதைத்தேன். ரயில்வே கான்கிரீட்டுக்கு மாறியபின் ஏலத்தில் போன மரங்களில் ஒன்று; எங்கள் வீட்டில் அதுவரை துணி துவைக்கப் பயன்பட்டது.

தை மூன்றாம் நாள் படி நின்றது. அக்கம்பக்கத்தார் வந்து பார்த்தார்கள். ஆயா என் கையைப் பிடித்து, காலையே பார்த்துக்கொண்டு ஏறி, பரணில் உட்கார்ந்து ஏரிப்பக்கம் திரும்பி ஒன்றும் பேசாமல் இருந்தாள். அப்பா எதிர்வீட்டாரிடம், "படிச்ச புள்ள போட்ட கணக்கு, பிசகாது" என்றார். அதைக் கேட்டு நான் அடைந்த பெருமையை மறைக்க விரும்பவில்லை.

ஜனவரி 29ஆம் நாள் விடியற்காலை 6 மணி 23 நிமிடத்திற்கு ஜி.எஸ்.எல்.வி. எஃப் 15 புறப்படுவதாக இருந்தது. ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து நூறாவது ஏவுதல் என்பதால் தெருவே விழித்திருந்தது. ஆயாவை முன்கூட்டியே பரணில் ஏற்றி, போர்வை போர்த்தி உட்கார வைத்தோம். இருட்டு முழுதும் விலகவில்லை. சொன்ன நேரத்திற்கு ஏரிக்கு அப்பால் வானம் ஆரஞ்சு நிறமாயிற்று. ஒரு தீக்கோடு எழுந்து சாய்ந்து மேகத்துக்குள் போயிற்று. பிள்ளைகள் கூச்சலிட்டார்கள். பிறகு சத்தம் வந்தது. தொலைவில் யாரோ தகரத்தை இழுப்பதுபோல் நீண்டுகொண்டே இருந்தது. எல்லாரும் மேலேயே பார்த்துக்கொண்டிருந்தோம். ஆயா, "டீ வைக்கறன்" என்று சொல்லிவிட்டு இறங்கினாள். நான் திரும்பவில்லை. 'அம்மா' என்ற குரல் கேட்டுத்தான் திரும்பினேன்.

கடைசிப் படியிலிருந்து தரைக்கு வரும்போது விழுந்திருக்கிறாள். கையை ஊன்றியதில் மணிக்கட்டு முறிந்துவிட்டது. புத்தூர் கட்டுக்கு அழைத்துப் போங்கள் என்று சிலர் சொன்னார்கள். அப்பா மருத்துவமனைக்கே கொண்டு போனார். ஆறு வாரத்திற்கு மாவுக்கட்டு. "ராக்கெட் சத்தத்துல பயந்துட்டாங்க" என்றார் எதிர்வீட்டார். "வயசாயிடுச்சு" என்றாள் அம்மா. ஆயாவோ, "என் கண்ணு போயிடுச்சு. தரை இருக்குதுன்னு காலை வச்சன், தரை இல்ல" என்று திரும்பத் திரும்பச் சொன்னாள்.

அந்த வாக்கியம் என்னைத் தூங்கவிடவில்லை. மறுநாள் மாலை யாரும் இல்லாதபோது அளவுநாடாவை எடுத்துக்கொண்டு போனேன். தரையிலிருந்து முதல் படி: 8 அங்குலம். முதல் படியிலிருந்து இரண்டாவது: 7. அடுத்தது 7. அடுத்தது 7. நான்காவது படியிலிருந்து பரண்: 6.

நின்ற இடத்திலேயே எனக்கு விளங்கிவிட்டது. வெட்டுகளைச் சரியாக 7, 14, 21, 28 என்றுதான் வெட்டியிருந்தேன். ஆனால் கால் படுவது வெட்டின்மேல் அல்லவே! அதன்மேல் ஓர் அங்குலக் கனமுள்ள பலகை இருக்கிறது. அதனால் படிகள் 8, 15, 22, 29இல் நின்றன. பரணோ 35இலேயே இருந்தது. ஏனென்றால் பரணின் உயரத்தை நான் பலகையோடு சேர்த்து அளந்தேன். படியின் உயரத்தைப் பலகை இல்லாமல் கணக்கிட்டேன். நடுவில் மூன்று படி சரி. இரண்டு முனையும் தப்பு. மேலிருந்து இறங்குகிறவர் 6, 7, 7, 7 என்று வந்து, கால் அந்த ஏழுக்குப் பழகிய பிறகு, இருட்டில், எட்டுக்குள் காலை விடுகிறார்.

ஓர் அங்குலம் என்ன பெரிதா என்று தோன்றும். ஆனால் நாம் படியைப் பார்த்து இறங்குவதில்லை. முதல் இரண்டு படியைக் கால் அளந்து வைத்துக்கொண்டு மீதியை நம்பிக்கையில் இறங்குகிறது. ஒரே படிக்கட்டில் மிக உயர்ந்த படிக்கும் மிகத் தாழ்ந்த படிக்கும் வேறுபாடு எட்டில் மூன்று அங்குலத்தைத் தாண்டக்கூடாது என்று அமெரிக்க வீடுகளுக்கான விதி ஒன்று சொல்கிறது. நம் ஆசாரிகள் கணக்கில் அது மூன்று நூல். என் படிக்கட்டில் அது பதினாறு நூல்.

இதைக் கண்டுபிடித்ததை உடனே வீட்டில் சொன்னேன் என்று எழுதத்தான் ஆசை. சொல்லவில்லை. ராக்கெட் சத்தம் என்று பிறர் சொன்னபோது பேசாமல் இருந்தேன். 'படிச்ச புள்ள போட்ட கணக்கு' என்று அப்பா சொன்னது தெரு முழுதும் கேட்டிருந்தது. அதை எப்படித் திரும்ப வாங்குவது? அந்த வாரம் ஆய்வுக்கூடத்தில் திருகு அளவியில் கம்பியின் விட்டம் அளந்தோம். முதலில் சுழிப்பிழையைக் குறித்து, ஒவ்வொரு அளவிலும் அதைக் கழித்துத் துப்புரவாக எழுதினேன். பேராசிரியர் 'நன்று' என்று கையெழுத்திட்டார். அந்தக் குறிப்பேட்டைப் பார்க்க எனக்கே கூச்சமாக இருந்தது.

இதற்கிடையில் ஆயா பொழுது சாய்ந்தால் வாசலுக்கு வருவதை நிறுத்திவிட்டாள். விளக்கு எரியும் அறையில்கூடச் சுவரைத் தடவி நடந்தாள். அடுத்த கண் முகாம் எங்கே என்று அப்பா விசாரித்துக்கொண்டிருந்தார்.

எட்டாம் நாள் ஆசாரித் தாத்தாவிடம் போனேன். வந்தார். அளவுநாடாவைக் கேட்கவில்லை. ஒருமுறை ஏறினார், ஒருமுறை இறங்கினார். "கனத்தை எங்க விட்ட பாப்பா?" என்றார். நான் பதில் சொல்லாமல் நின்றேன். "இது எல்லாருக்கும் ஒருவாட்டி வரும். எனக்கும் வந்துச்சு. அடில ஒரு அங்குலம் அறுத்துடு, எல்லாம் ஒண்ணாயிடும்." அவ்வளவுதான் வைத்தியம். திருகாணிகளைக் கழற்றி, சாய்வுப் பலகைகளைப் படியோடு அப்படியே சாய்த்துப் போட்டு, இரண்டு அடிமுனைகளிலும் ஓர் அங்குலம் அறுத்தோம். திரும்ப நிறுத்தியபோது 7, 14, 21, 28, மேலே 35. அறுத்த முனை தண்ணீரைக் குடிக்கும் என்று அங்கே தார் பூசச் சொன்னார். "கெழவி ஏறுற படிக்குக் கைப்பிடி இல்லாம எவன் உட்டான்?" என்று திட்டி, ஒரு சவுக்குக் கழியைத் தோலுரித்துப் பக்கத்தில் கட்டிக்கொடுத்தார். கைப்பிடி என் கணக்கில் வரவே இல்லை. புளோந்தெல் சொன்னதை எழுதி வைத்திருந்தேன்; ஆயாவின் கை எதைப் பிடிக்கும் என்று எழுதவில்லை.

கூலி வாங்க மறுத்துவிட்டார். "வீட்ல சொல்லிட்டியா?" என்று மட்டும் கேட்டார்.

அன்று இரவு சாப்பிடும்போது சொன்னேன். அப்பாவின் கை தட்டில் நின்றது. அவர் முகத்தைப் பார்க்க முடியாமல் நான் ஆயாவையே பார்த்துப் பேசினேன்: "உன் கண்ணு நல்லாத்தான் இருக்கு ஆயா. படிதான் தப்பு. நான்தான் தப்பாப் போட்டேன்."

திட்டுவாள் என்று எதிர்பார்த்தேன். அவளோ முதலில், "அப்ப என் கண்ணு போவலயா?" என்றாள். மறுபடியும் கேட்டாள். முகம் மலர்ந்துவிட்டது. பிறகுதான் கோபம் வந்தது. "எட்டு நாளா என்னைக் குருடின்னு நம்ப வச்சியேடி, பாவி!" என்று தெலுங்கிலும் தொடர்ந்தாள். அதை இங்கே எழுத ஆசிரியர் குழு அனுமதிக்காது. கை முறிந்ததற்கு அவள் என்னைத் திட்டவே இல்லை. அந்த எட்டு நாளுக்குத்தான் திட்டினாள்.

அப்பா ஒன்றும் சொல்லாமல் எழுந்து போனார். காலையில் பார்த்தால் நாடாவை வைத்துக்கொண்டு படியருகே குந்தியிருக்கிறார். "அந்த ஒரு அங்குலம் எங்க இருந்துச்சு, காட்டு" என்றார். தரையில் குச்சியால் படம் போட்டுக் காட்டினேன். பலகையின் கனத்தை வரைந்ததும், "ஆமா" என்றார். பரணையும் ஒரு படியாக அவர் எண்ணியதை நான் சிரித்தேனே. அந்தக் கணக்கை நான் ஒழுங்காக யோசித்திருந்தால், ஐந்தாவது படிக்குப் பலகை உண்டென்றால் மற்ற நான்குக்கும் உண்டு என்பது அப்போதே தோன்றியிருக்கும். பின்னால் எதிர்வீட்டாரிடம் அப்பா, "கணக்கு சரிதான், பலகைக் கனத்தை உட்டுடுச்சு" என்று சொன்னது என் காதில் விழுந்தது. கணக்கு சரி என்பது சரியல்ல. ஆனாலும் நான் குறுக்கிடவில்லை.

அன்று பறந்த ராக்கெட்டைப் பற்றியும் ஒரு வரி. அது தன் வேலையைச் சரியாகத்தான் செய்தது. ஆனால் அது கொண்டுபோய் விட்ட என்.வி.எஸ். 02 செயற்கைக்கோளில், எரிபொருளை எரிக்க வேண்டிய ஆக்சிகரணியை உள்ளே விடும் வால்வுகள் திறக்காததால், உரிய சுற்றுப்பாதைக்கு அதை உயர்த்த முடியவில்லை என்று சில நாளில் இஸ்ரோ அறிவித்தது. அந்த அறிவிப்பை நான் இரண்டு முறை படித்தேன். அவர்கள் ஒளிக்கவில்லை.

அறுத்தெடுத்த துண்டுகளில் ஒன்றை ஆயா ஆடும் அலமாரிக் காலுக்கு முட்டுக் கொடுத்தாள். மற்றொன்று அடுப்புக்குப் போயிற்று. ஒரு மழைக்காலத்திலேயே கீழிருந்து இரண்டாவது படியின் பைன் பலகை கறுத்து இளகிவிட்டது. அதன் இடத்தில் பனம்பலகை போட வேண்டும். இம்முறை பலகை எவ்வளவு கனம் என்று பார்த்துத்தான் வாங்குவேன். பனம்பலகை தடிமனாக இருந்தால் அந்த ஒரு படி மட்டும் உயர்ந்துவிடும்.

2025 ஜூலை 30ஆம் நாள் மாலை 5 மணி 40 நிமிடத்திற்கு நிசார் செயற்கைக்கோளைச் சுமந்து அடுத்த ஜி.எஸ்.எல்.வி. எழுந்தபோது ஆயா பரணில் இருந்தாள். சவுக்குக் கழியைப் பிடித்து ஏறும்போது "லாபம், நஷ்டம்" என்று எண்ணிக்கொண்டே ஏறினாள். எல்லாரும் இறங்கிய பிறகும் அங்கேயே உட்கார்ந்திருந்தாள். நன்றாக இருட்டியபின் எழுந்தாள். நான் ஓடிப்போய்ப் படிக்குக் கீழே கையை நீட்டிக்கொண்டு நின்றேன்.

"தள்ளி நில்லுடி, வழியில நிக்காத" என்றாள்.